திருத்தூதர்: பவுலைச் ‘சீடர்’ என்று எழுதுவதை நிறுத்த வேண்டும்

‘இயேசுவின் சீடர்களில் ஒருவரான பவுல்’ என்ற தொடர் போட்டித் தேர்வுக் கையேடுகளிலும், மொழிபெயர்த்த உலக வரலாற்று நூல்களிலும், தமிழ்க் குரல் சேர்த்த ஆவணப்படங்களிலும் ஓயாமல் வருகிறது. இன்னும் சிலர் ‘தலைமைச் சீடர் பவுல்’ என்று எழுதுகிறார்கள். வேறு சிலர் தனித்தமிழ் ஆர்வத்தில் ‘இறைத்தூதர் பவுல்’ என்கிறார்கள். மூன்றும் தவறு. இது சொல்லலங்காரத்தில் நேர்ந்த சிறு பிசகு அன்று. கிறிஸ்தவம் எப்படிப் பிறந்தது என்பதையே தலைகீழாகச் சொல்லிக்கொடுக்கும் தவறு.

எழுத வேண்டிய சொல் ‘திருத்தூதர்’. அதன் மூலச்சொல் கிரேக்கம்: அப்பொஸ்தொலொஸ். ‘அப்பொஸ்தெல்லோ’ என்றால் ஒரு வேலையைக் கொடுத்து அனுப்பிவிடுதல். அதிலிருந்து வந்த பெயர்ச்சொல், அனுப்பப்பட்டவர். பழைய ஏதென்ஸ் வழக்கில் அது போருக்கு அனுப்பிய கப்பற்படையையும் குறித்தது. கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரொடோட்டஸ் அதை அரச தூதனுக்கு ஆள்கிறார். யூத மரபில் ‘ஷாலியாஹ்’ என்றொரு பொறுப்பு உண்டு. ஒருவன் அனுப்பிய ஆள் அவனுக்கே சமம் என்பது மிஷ்னா என்ற யூதச் சட்டத் தொகுப்பில் பதிவான விதி. இரண்டுக்கும் நேரடித் தொடர்பு உண்டா என்பதில் அறிஞர்கள் பிரிந்து நிற்கிறார்கள். பொருள் ஒப்புமை மட்டும் தெளிவு. தமிழில் புழங்கும் ‘அப்போஸ்தலன்’ லத்தீன், போர்த்துக்கீசிய வாய்வழியாக வந்த ஒலிபெயர்ப்பு. சொல் வரலாறு இவ்வளவே போதும்.

‘சீடர்’ என்பதற்கு நேரான கிரேக்கச் சொல் வேறு: மத்தேத்தேஸ், கற்றுக்கொள்பவர். புதிய ஏற்பாட்டில் அது ஏறத்தாழ 260 இடங்களில் வருகிறது. அத்தனையும் நான்கு நற்செய்திகளிலும் திருத்தூதர் பணிகள் நூலிலும்தான். பவுலின் கடிதங்களில் ஓரிடத்தில்கூட இல்லை. மற்றவர்கள் எழுதிய கடிதங்களிலும் இல்லை. அப்பொஸ்தொலொஸ் ஏறத்தாழ 80 இடங்களில் வருகிறது. பவுலின் பெயரில் உள்ள 13 கடிதங்களில் மட்டும் 30-க்கு மேல். மத்தேயுவிலும் யோவானிலும் ஒவ்வொரு முறைதான். தன்னைக் குறிக்கப் பவுல் எந்தச் சொல்லைத் தேர்ந்தார், எதைத் தொடவே இல்லை என்பது இந்த எண்ணிக்கையிலேயே தெரிந்துவிடுகிறது. அவர் தொடாத சொல்லைத்தான் நம் மொழிபெயர்ப்பாளர்கள் அவர் தலையில் சூட்டுகிறார்கள்.

‘திருத்தூதர் பணிகள் நூலில் நம்பிக்கையாளர் எல்லாரையுமே சீடர் என்கிறார்களே, பவுலையும் அப்படிச் சொன்னால் என்ன?’ என்று கேட்கலாம். உண்மைதான். அந்தியோக்கியாவில் கிறிஸ்தவர் என்ற பெயரை முதலில் பெற்றவர்கள் ‘சீடர்கள்’ என்றே அந்நூல் சொல்கிறது. தமஸ்குவின் அனனியாவும் அங்கே சீடர். எருசலேமுக்கு வந்த பவுலைக் கண்டு, அவர் சீடர்தான் என்று நம்பாமல் மற்றவர்கள் அஞ்சியதாகவும் வருகிறது. ஆனால் ‘இயேசுவின் சீடர்களில் ஒருவர்’ என்று படிக்கும் தமிழ் வாசகர் இந்த விரிந்த பொருளை எடுத்துக்கொள்வதில்லை. கலிலேயாக் கடற்கரையில் இயேசுவோடு நடந்தவர், மலைப்பொழிவைக் காதால் கேட்டவர், கடைசி இரவுணவில் உடன் இருந்தவர் என்றே எடுத்துக்கொள்வார். பவுலுக்கு இவற்றில் ஒன்றும் பொருந்தாது. அவர் தர்சு நகரத்து யூதர், பரிசேயர், இயேசு இயக்கத்தைத் துன்புறுத்தியவர். இயேசுவின் சிலுவைச் சாவுக்குப் பிறகு, தமஸ்கு வட்டாரத்தில் தனக்குக் கிடைத்த வெளிப்பாட்டால் திரும்பியவர்.

இயேசுவின் பன்னிருவருள் யூதாசின் இடத்துக்கு மத்தியாவைத் தேர்ந்தபோது, திருத்தூதர் பணிகள் நூலை எழுதிய லூக்கா வைக்கும் தகுதி என்ன? யோவானின் திருமுழுக்கு தொடங்கி இயேசு விண்ணேறிய நாள்வரை உடன் இருந்திருக்க வேண்டும். அந்த அளவுகோலில் பவுல் தேறவே மாட்டார். அதே லூக்கா தம் நூலில் பாதிக்கு மேல் பவுலின் பயணங்களுக்குக் கொடுத்துவிட்டு, ‘திருத்தூதர்’ என்ற பட்டத்தை 14-ஆம் அதிகாரத்தில் இரண்டே வசனங்களில், அதுவும் பர்னபாவோடு சேர்த்து, தருகிறார்.

ஆகவே பவுல் அந்தப் பட்டத்துக்காக வாழ்நாள் முழுவதும் வழக்காட வேண்டியிருந்தது. கலாத்தியர் கடிதத்தைத் திறந்தால் முதல் வரியே வாதம்: மனிதர்களிடமிருந்தும் அல்ல, மனிதர் வழியாகவும் அல்ல, தன் அனுப்பு. பிறகு நாள் கணக்கோடு அடுக்குகிறார். வெளிப்பாடு கிடைத்ததும் எருசலேமுக்குப் போகவில்லை. அரேபியாவுக்குப் போய்த் தமஸ்குவுக்குத் திரும்பினேன். மூன்று ஆண்டு கழித்துத்தான் கேபாவை (பேதுருவை) பார்க்கப் போனேன். தங்கியது 15 நாள். ஆண்டவரின் சகோதரர் யாக்கோபைத் தவிர வேறு திருத்தூதரைப் பார்க்கவில்லை. அடுத்துப் போனது 14 ஆண்டு கழித்து. எதற்கு இவ்வளவு கணக்கு? ‘எருசலேம் தலைவர்களிடம் பாடம் கேட்டு வந்த இரண்டாந்தர ஆள்’ என்ற குற்றச்சாட்டை முறிக்க. நான் யாரிடமும் கற்றவன் அல்லன், அனுப்பப்பட்டவன் என்பதே முழு வாதம். அந்த மனிதரைச் ‘சீடர்’ என்று எழுதும்போது அவருடைய எதிராளிகளின் கட்சியை அவர் வாயில் திணிக்கிறோம்.

இந்த வாதத்தில் தங்கியிருந்தது சொந்த மதிப்பு மட்டும் அல்ல. யூதர் அல்லாதவர்கள் விருத்தசேதனம் செய்துகொள்ளாமலே இயேசு இயக்கத்தில் முழு உறுப்பினராகலாமா என்ற கேள்வியும்தான். யாக்கோபு, கேபா, யோவான் மூவரும் வலக்கை கொடுத்து, பேதுரு யூதருக்கு, பவுல் பிற இனத்தாருக்கு என்று ஒப்புக்கொண்டதாகக் கலாத்தியர் 2 சொல்கிறது. பின்னர் அந்தியோக்கியாவில் பிற இனத்தாரோடு உண்ட பந்தியை விட்டு விலகிய பேதுருவைப் பவுல் எல்லார் முன்னிலையிலும் எதிர்த்தார். மாணவராக இருந்தால் மூத்த மாணவர் சொல்லுக்குக் கட்டுப்பட்டிருக்க வேண்டும். அனுப்பப்பட்டவர் என்ற நிலை இருந்ததால்தான் எதிர்த்து நிற்க முடிந்தது. விருத்தசேதனம் இல்லாத சபைகள் கலாத்தியாவிலும் பிலிப்பியிலும் கொரிந்திலும் வேர் பிடித்தது இந்தத் தகுதியின் பேரில். புதிய ஏற்பாட்டின் மிகப் பழைய எழுத்தும் இந்தத் தகுதியோடு எழுதப்பட்ட கடிதங்களே. 1 தெசலோனிக்கர் ஏறத்தாழ கி.பி. 50-ஐச் சேர்ந்தது, மாற்கு நற்செய்தி அதற்கு இருபது ஆண்டளவு பிந்தியது.

‘கிறிஸ்தவத்தைத் தோற்றுவித்தவரே பவுல்’ என்று மறு எல்லைக்குப் போகிறவர்களும் உண்டு. அதையும் ஏற்க முடியாது. தமஸ்குவிலும் அந்தியோக்கியாவிலும் அவர் வருமுன்பே சபை இருந்தது. ரோமருக்கு எழுதியபோது ரோமாபுரியை அவர் பார்த்ததுகூட இல்லை. உயிர்ப்புச் செய்தியைத் தானும் பெற்றுக்கொண்டு ஒப்படைத்ததாக 1 கொரிந்தியர் 15-இல் அவரே சொல்கிறார். தூதர் என்ற சொல் இந்த அளவைச் சரியாகக் காட்டுகிறது: அவர் செய்தியின் முதலாளி அல்லர், வெறும் மாணவரும் அல்லர்.

இனி ‘இறைத்தூதர்’. தனியே பார்த்தால் நல்ல தமிழ்ச்சொல். ஆனால் தமிழ் முஸ்லிம்களின் எழுத்தில் ‘ரசூல்’ என்பதற்கு இணையாக அது அழுத்தமாக நிலைபெற்றுவிட்டது. தமிழ் வாசகர் ‘இறைத்தூதர்’ என்றதும் முகம்மது நபியையே நினைப்பார். அரபு பேசும் கிறிஸ்தவர்கள் பவுலை ‘ரசூல்’ என்றே அழைக்கிறார்கள் என்று யாரேனும் எடுத்துக்காட்டலாம். அங்கே இரு சமயத்துக்கும் ஒரே சொல் தொன்றுதொட்டுப் புழங்குகிறது. சூழல் பிரித்துக் காட்டும். தமிழில் அப்படி இல்லை. இங்கே ரசூலுக்கு இறைத்தூதர், அப்போஸ்தலருக்குத் திருத்தூதர் என்று இரண்டு சொற்கள் தெளிவாகப் பிரிந்து நிற்கின்றன. கிடைத்த தெளிவைக் கலைப்பது மொழிக்குச் செய்யும் தொண்டு ஆகாது. கருத்தளவிலும் இடறல் உண்டு. பவுல் தன்னைக் கிறிஸ்துவின் தூதர் என்றே மீண்டும் மீண்டும் சொல்கிறார். ‘இறை’ என்று மாற்றினால் அனுப்பியவரின் பெயர் மறைந்துபோகிறது.

வெறுமனே ‘தூதர்’ என்று எழுதலாமா? முடியாது. ‘அங்கெலோஸ்’ என்ற கிரேக்கச் சொல்லும் செய்தி கொண்டுவருபவரையே குறிக்கிறது. விவிலியத்தின் பழைய தமிழ் மொழிபெயர்ப்பில் அது ‘தேவதூதன்’, புதிய மொழிபெயர்ப்பான திருவிவிலியத்தில் ‘வானதூதர்’. முன்னொட்டு இல்லாத ‘தூதர்’ பாதி வாசகருக்குச் சிறகு முளைத்த உருவத்தைக் காட்டும். மறுபாதிக்குத் தூதரகத்தில் இருக்கும் அதிகாரியை.

‘அப்போஸ்தலர்’ என்ற ஒலிபெயர்ப்பைப் பழிக்க எனக்கு மனமில்லை. வழிபாட்டில் தலைமுறைகளாக வேர்விட்ட சொல் அது; புரோட்டஸ்டன்ட் சபைகளில் அப்படியே இருக்கட்டும். ஆனால் பொது வாசகருக்கான எழுத்தில் அது எதையும் உணர்த்துவதில்லை. பவுலின் பெயருக்கு முன்னால் ஒட்டிய அடைமொழி போலவே நின்றுவிடுகிறது. கத்தோலிக்கர் ஒரு காலத்தில் பவுலின் பெயரையே பொருள் பார்த்துச் ‘சின்னப்பர்’ என்று தமிழாக்கினார்கள் (பவுலுஸ் என்றால் லத்தீனில் சிறியவர்). இயற்பெயரைக்கூட மொழிபெயர்க்கத் துணிந்தவர்களின் மரபில், பொருளுக்காகவே உள்ள பட்டத்தை ஒலிபெயர்த்து விடுவது முறையாகாது. இன்னொன்றும் உண்டு. ‘அப்போஸ்தலன்’ ஆண்பால் ஈறு கொண்டது. ரோமர் 16:7-இல் திருத்தூதர்களுள் பெயர் பெற்றவர்களாகப் பவுல் வாழ்த்துச் சொல்லும் இருவரில் யூனியா பெண் என்பதே பெரும்பாலான அறிஞரின் முடிவு. நான்காம் நூற்றாண்டின் சபைத் தந்தை கிறிசோஸ்தோம் அவரைப் பெண்ணாகவே கொண்டு புகழ்கிறார். ‘திருத்தூதர்’ இருபாலுக்கும் பொருந்தும். ‘அன்’ ஈறு அந்தப் பெண்ணுக்கு இடமே விடாது.

‘தூது’ என்ற நம் சொல்லுக்குள் இருக்கும் வளத்தையும் பார்க்க வேண்டும். திருக்குறளின் தூது அதிகாரத்துக்கு உரை எழுதிய பரிமேலழகர் தூதரை இரண்டாக வகுக்கிறார்: தான் வகுத்துக் கூறுவான், கூறியது கூறுவான். 1 கொரிந்தியர் 7-ஐ இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மணவிலக்கைப் பற்றி 10-ஆம் வசனத்தில் ‘கட்டளையிடுவது நான் அல்ல, ஆண்டவர்’ என்கிறார் பவுல். இது கூறியது கூறுதல். 12-ஆம் வசனத்தில் ‘ஆண்டவர் அல்ல, நானே சொல்கிறேன்’ என்கிறார். இது தான் வகுத்துக் கூறுதல். இயேசு வாழ்ந்த சூழலில் எழாத சிக்கல்கள், நம்பிக்கை கொள்ளாத துணையோடு குடும்பம் நடத்துவதும் சிலைக்குப் படைத்த இறைச்சியைத் தின்பதும் போன்றவை, கிரேக்க நகரங்களில் எழுந்தபோது வகுத்துக் கூறும் தூதர் தேவைப்பட்டார். ‘சீடர்’ என்ற சொல் இதில் ஒரு துளியையும் தாங்காது.

சொல் தேர்ந்தால் மட்டும் போதாது, இடம் பார்த்து ஆள வேண்டும். மூலத்தில் அப்பொஸ்தொலொஸ் எல்லா இடத்திலும் பட்டமாகவே வருவதில்லை. யோவான் 13:16-இல் அது வெறும் ‘அனுப்பப்பட்டவர்’. தமிழிலும் அப்படியே எழுதுக. 2 கொரிந்தியர் 8:23-இல் எருசலேமுக்கான நிதியோடு போகச் சபைகள் நியமித்தவர்களைக் குறிக்கிறது. பிலிப்பியர் 2:25-இல் பிலிப்பி சபை அனுப்பிய எப்பாப்பிரோதீத்துவை. இந்த இரண்டிலும் பழைய மொழிபெயர்ப்பு ‘ஸ்தானாபதி’ என்று பிரித்தெழுதியது கூரிய செயல். இலங்கையில் ‘உயர்ஸ்தானிகர்’ இன்றும் வழக்கில் இருந்தாலும் ஸ்தானாபதி பேச்சில் மறைந்துவிட்டது. இன்றைக்குச் ‘சபையின் தூதர்’ என்றால் போதும். எபிரேயர் 3:1-இல் இயேசுவே அப்பொஸ்தொலொஸ். அங்கே ‘திருத்தூதர்’ என்று மட்டும் விட்டால் அவரும் பன்னிருவரில் ஒருவரோ என்று வாசகர் மயங்குவார். ‘கடவுளால் அனுப்பப்பட்டவர்’ என்பது அங்கே தெளிவு. ‘பன்னிருவர்’, ‘திருத்தூதர்’ இரண்டையும் ஒன்றாக்கவும் கூடாது. 1 கொரிந்தியர் 15 உயிர்த்தவரைக் கண்டவர்களை எண்ணும்போது பன்னிருவரை ஓரிடத்தில் வைத்து, திருத்தூதர் அனைவரையும் வேறோரிடத்தில் வைக்கிறது.

‘திரு’ என்ற அடை பொய்த்தூதர்களுக்கு ஒட்டாது. 2 கொரிந்தியர் 11:13-இல் ‘போலித் திருத்தூதர்’ என்று எழுதினால் அடை அடையையே மறுக்கிறது. ‘போலித் தூதர்’ என்க. முதல் நூற்றாண்டை ஒட்டிய திதாக்கே என்ற சபை ஒழுங்கு நூல் இத்தகையோரைக் கண்டுபிடிக்க வழி சொல்கிறது: ஒரு நாள், தேவையானால் இரண்டு நாள் தங்கலாம், மூன்றாம் நாளும் தங்கினால் அவர் போலி, புறப்படும்போது அடுத்த இடம் சேரும் வரைக்கான அப்பம் மட்டும் எடுத்துச் செல்லலாம், பணம் கேட்டால் அவரும் போலி. இன்று சுவரொட்டிகளில் தம் பெயருக்கு முன் ‘அப்போஸ்தலர்’ என்று தாமே அச்சிட்டுக்கொள்பவர்கள் இந்த அதிகாரத்தைப் படிக்க வேண்டும்.

அதே கடிதத்தின் 11:5-இல் பவுல் தம் எதிராளிகளுக்கு ஒரு பெயர் சூட்டுகிறார். ‘அளவுக்கு மிஞ்சிய’ என்ற அடையை அப்பொஸ்தொலொஸுக்கு முன் வைக்கிறார். பழைய மொழிபெயர்ப்பில் அது ‘மகா பிரதான அப்போஸ்தலர்’ ஆனது. படிப்பவர் பேதுருவையும் யோவானையும் புகழ்கிறார் என்று கொள்வார். பவுல் அங்கே கொதித்துப் போய்க் குத்திக் காட்டுகிறார். பேச்சுத்திறத்தாலும் பரிந்துரைக் கடிதங்களாலும் கொரிந்து சபையை மயக்கியவர்களை அவர் சாடும் இடம் அது. ‘தங்களைப் பெரிய தூதர்களாக எண்ணிக்கொள்ளும் அந்த ஆட்கள்’ என்று விரித்தெழுதினால்தான் அந்தச் சூடு தமிழில் வரும்.