டைம்அவுட்னா ஃபெயில் இல்லைங்க

இந்த வாரத்துல இது மூணாவது கேஸ். "கடையில கார்டு மிஷின்ல எரர் வந்துச்சு சார், அதான் கார்டை திரும்ப தட்டினேன், இப்ப ரெண்டு தடவை காசு போயிடுச்சு." லாக்கை (எது எப்ப போச்சுன்னு சிஸ்டம் எழுதி வெச்ச பதிவை) திறந்து பாத்தா அதே கதைதான். 11:42:07-க்கு 0100, அதாவது "காசு எடுக்கலாமா?"ன்னு பேங்குக்கு கேள்வி போயிருக்கு, பேங்க் ரெண்டே செகண்டுல சரின்னு 0110-ங்கிற பதிலை அனுப்பிருச்சு, அது மிஷினுக்கு வந்து சேரல. 11:42:51-க்கு இன்னொரு 0100. (இந்த நம்பரெல்லாம் 1987-ல வந்த ஐஎஸ்ஓ 8583-ங்கிற கார்டு மெசேஜ் விதிமுறை காலத்து ஆளுங்க, இன்னும் ரிட்டயர் ஆகல.)

இப்படி பதில் வராம மிஷின் காத்திருந்த நேரம் முடிஞ்சு போறதுதான் டைம்அவுட். அதுக்கு "பேங்க் முடியாதுன்னு சொல்லிருச்சு"ன்னு அர்த்தம் இல்ல. பதில் தெரியலன்னு அர்த்தம். சரின்னும் இருக்கலாம், இல்லன்னும் இருக்கலாம், பேங்குக்கு கேள்வியே போகாமலும் இருக்கலாம். மிஷினுக்கே தெரியாத விஷயத்தை நீங்க ஃபெயில்னு முடிவு பண்றீங்க பாருங்க, அங்கதான் எனக்கு பிபி ஏறுது.

"அதே கடை, அதே தொகை, பேங்குக்கு தெரியாதா?"ன்னு கேக்காத ஆளே இல்ல. ஒரே ஆள் அடுத்தடுத்து ரெண்டு டிக்கெட் வாங்குறது இல்லையா? அதுவும் போக, ஒவ்வொரு தடவை தட்டும்போதும் கார்டு சிப்புக்குள்ள எத்தனாவது தடவைன்னு எண்ணுற கவுண்டர் ஒண்ணு ஏறும், அதை சேத்து புதுசா ஒரு கிரிப்டோகிராம் (அந்த ஒரு தட்டுக்கு மட்டும் செல்லுற ரகசிய முத்திரை) போட்டு அனுப்பும். பழைய கிரிப்டோகிராமை எவனாவது பிடிச்சு வெச்சு திரும்ப அனுப்பினா செல்லக்கூடாதுன்னுதான் இந்த ஏற்பாடு. அதனாலேயே உங்க ரெண்டாவது தட்டு பேங்க் கண்ணுக்கு சுத்தமான, அசலான புது பர்ச்சேஸ்.

முதல் தொகை பெரும்பாலும் போகல, ஹோல்டுலதான், அதாவது பேங்க் ஒதுக்கி வெச்ச நிலையிலதான் நிக்கும். மிஷின் 0400-னு ஒரு ரிவர்சல் ("முன்ன கேட்டதை ரத்து பண்ணு"ங்கிற மெசேஜ்) அனுப்பும், லைன் இல்லன்னா வெச்சிருந்து அப்புறமா அனுப்பும், அதுவரைக்கும் பேலன்ஸ் கம்மியாத்தான் தெரியும்.

அதனால தயவுசெஞ்சு, எரர் வந்தா உடனே தட்டாதீங்க. முதல்ல போனை எடுத்து பேங்க் ஆப்பை பாருங்க, ஒரு நிமிஷம் நில்லுங்க, பின்னாடி நிக்கிறவர் முறைச்சா முறைக்கட்டும். மிஷின்ல வர்ற சீட்டை, ஃபெயில்னு இருந்தாலும், கேட்டு வாங்கி வைங்க. கார்டுக்கு பின்னாடி இருக்கிற நம்பருக்கு நீங்களே கூப்பிடுங்க. "ரீஃபண்ட் போடறோம், ஓடிபி சொல்லுங்க"ன்னு யாராவது அவங்களா கூப்பிட்டா கட் பண்ணுங்க, காசு திரும்பி வர்றதுக்கு ஓடிபி எதுக்குங்க?

நம்ம டெவலப்பர் தம்பிங்களுக்கும் ஒண்ணு: ரீட்ரை பண்றப்ப பழைய ரெஃபரன்ஸ் ஐடியையே (அந்த பரிவர்த்தனையோட அடையாள நம்பரையே) அனுப்புங்கப்பா, ஒவ்வொரு தடவையும் புதுசா ஜெனரேட் பண்ணிட்டு டூப்ளிகேட் செக் வேலை செய்யலன்னு எங்கிட்ட புகார் டிக்கெட் போடாதீங்க.

மூணாவது கேஸ்காரருக்கு நேத்து ராத்திரி ரிவர்சல் போய் சேந்துடுச்சு. மத்த ரெண்டும் இன்னும் கியூவுலதான் நிக்குது.