மணல் யார்டு உரிமம் புதுப்பிக்காமல் இழுத்தடித்தால்: கவனிக்க வேண்டியவை

"மனு குடுத்தாச்சுல்ல, ஓட்டுங்க, பாத்துக்கலாம்." புதுப்பிக்கும் மனு நிலுவையில் கிடக்கும்போது அலுவலகத்தில் யாராவது இப்படிச் சொல்வார்கள். இதை நம்பி ஒரு லோடுகூட ஏற்றாதீர்கள். மனு நிலுவையில் இருப்பது உரிமம் ஆகாது. பழைய உரிமத்தின் தேதி முடிந்தபின் வண்டி பிடிபட்டால் கனிமச் சட்டம் 1957, பிரிவு 21 பாயும்: 5 ஆண்டு வரை சிறை, வண்டி பறிமுதல். வாயால் சொன்னவர் அன்றைக்குச் சாட்சிக்கு வரமாட்டார்.

பின்னணி சுருக்கமாக. தமிழ்நாட்டில் ஆற்று மணல் அள்ளும் உரிமை 2003 அக்டோபரிலிருந்து அரசிடம் மட்டுமே இருக்கிறது (சிறுகனிமச் சலுகை விதிகள், விதி 38-ஏ). அதனால் தனியார் யாரும் ஆற்று மணல் குவாரியைப் 'புதுப்பித்துத் தருகிறேன்' என்று பணம் கேட்டால் கொடுக்காதீர்கள். இங்கே பேசுவது எம்-சாண்டோ (கல்லை உடைத்துச் செய்யும் செயற்கை மணல்) மணலோ யார்டில் இருப்பு வைத்து விற்பவர்களைப் பற்றி. அவர்களுக்குப் பொருந்துவது சட்டவிரோதக் கனிமம் எடுத்தல், கடத்தல், இருப்பு வைத்தலைத் தடுக்கும் 2011-ஆம் ஆண்டு விதிகள்.

மனு விழும் முதல் குழி, நில ஒப்பந்தம். பதிவுச் செலவுக்குப் பயந்து எல்லோரும் 11 மாத ஒப்பந்தம் போடுகிறார்கள். உரிமம் கேட்பதோ அதைவிட நீண்ட காலத்துக்கு. 'நில அனுபோகத்துக்கு ஆதாரம் இல்லை' என்று எழுத அதுவே போதும். கேட்கும் காலம் முழுவதையும் தாங்கும் பதிவு செய்த குத்தகை வேண்டும். அடுத்தது சர்வே எண். உட்பிரிவு ஆன நிலத்தில் பட்டா ஓர் எண்ணும் பழைய உரிமம் வேறோர் எண்ணும் காட்டும். ஜிஎஸ்டி பதிவில் யார்டு முகவரி சேர்க்கப்பட்டிருக்கவே இருக்காது. மூன்றையும் ஒன்றாக்கிவிட்டு மனு கொடுங்கள்.

பெரிய அநியாயம் நடப்பது இருப்பு அளவையில்தான். ஆய்வுக்கு வருபவர் டேப்பைப் பிடித்து நீளம், அகலம், உயரம் மூன்றையும் பெருக்கிவிட்டுப் போய்விடுவார். குவியல் பெட்டி இல்லை, கூம்பு. அடி விட்டம் 10 மீட்டர், உயரம் 3 மீட்டர் உள்ள குவியலில் இருப்பது சுமார் 78 கன மீட்டர். பெட்டிக் கணக்கில் அதே குவியல் 300 ஆகிவிடும். ஒரு யூனிட் என்பது 100 கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். அந்தக் கணக்கில் 28 யூனிட் சரக்கு 106 யூனிட்டாகப் பதிவாகி, மிச்சம் முழுக்க 'கணக்கில் வராத இருப்பு' ஆகிறது. மழை பெய்த மறுநாள் அளந்தால் இன்னும் மோசம். ஐந்தாறு சதவீத ஈரமே மணலை 25 சதவீதம் வரை பொங்கவைக்கும். பதிவேட்டை யூனிட்டில் எழுதி, படிவத்தில் கன மீட்டரோ டன்னோ கேட்கும்போது குத்துமதிப்பாக மாற்றுவதும் வம்பு. காய்ந்த சரக்கு என்றால் ஒரு யூனிட் ஏறக்குறைய 4.5 டன். அளக்கும்போது உடனிருங்கள், தேதியோடு படம் எடுங்கள். மகஜரில் (ஆய்வில் கண்டதை அங்கேயே எழுதும் பதிவு) கையெழுத்துக் கேட்டால், 'கூம்பு வடிவம், ஈரச் சரக்கு, அளவை முறைக்கு ஆட்சேபம்' என்று எழுதிவிட்டுப் போடுங்கள். வெற்றுத்தாளில் போடவே போடாதீர்கள்.

பிறகு அலைச்சல். விஏஓ, ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்), வட்டாட்சியர், கோட்டாட்சியர், கனிமவளத்துறை உதவி இயக்குநர் என்று கோப்பு போகும், ஒரு கேள்வியோடு திரும்பி வரும். மனுவைத் தபால் பிரிவில் முத்திரை வாங்கிக் கொடுங்கள், நகலைப் பதிவுத் தபாலிலும் அனுப்புங்கள். முப்பது நாளில் அசையாவிட்டால் பத்து ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனு போட்டு, கோப்பின் குறிப்புப் பக்கங்களின் நகலைக் கேளுங்கள். யார் மேஜையில் எத்தனை நாள் தூங்கியது என்பது அதில் தெரியும். வழக்குக்கு அதுவே ஆவணம்.

'முடியாது' என்று வாயால் சொன்னால் எழுத்தில் கேளுங்கள். எழுத்தில் வந்ததும் இரண்டைப் பாருங்கள்: மறுக்கும் முன் விளக்கம் கேட்டார்களா, காரணம் எழுதியிருக்கிறார்களா. உத்தரவில் இல்லாத காரணத்தைப் பின்னால் பிரமாண வாக்குமூலத்தில் சேர்க்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மேல்முறையீட்டுக் கெடு உத்தரவு கையில் கிடைத்த நாளிலிருந்து ஓடும். தபால் உறையைப் பத்திரப்படுத்துங்கள். மேல்முறையீட்டைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால், பெரும்பாலும் 'முதலில் அங்கே போ' என்று திருப்பிவிடுவார்கள். விளக்கம் கேட்காமலே மறுத்திருந்தால் மட்டும் நேரே போக வலுவான வாதம் இருக்கிறது.

பதிலே வராதவர்கள் உயர் நீதிமன்றம் போனால், 'இத்தனை வாரத்தில் பரிசீலித்து முடிவெடு' என்று உத்தரவு கிடைக்கும். பலர் இதை வெற்றி என்று நினைத்து யார்டைத் திறந்துவிடுகிறார்கள். பரிசீலி என்றால் கொடு என்று அர்த்தம் இல்லை. புதுப்பித்தல் யாருக்கும் பிறப்புரிமை இல்லை, மனு கொடுத்த நாளின் விதி அல்ல, முடிவெடுக்கும் நாளின் விதியே பொருந்தும் என்று 1981-இல் ஹிந்த் ஸ்டோன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அது தமிழ்நாட்டுக் கருங்கல் குத்தகை வழக்கு. அலுவலகம் உங்களுக்கு எதிராக முதலில் நீட்டுவது அதைத்தான். அவர்கள் தாமதித்தார்கள் என்பதற்காகப் பழைய விதி உங்களுக்குக் கிடைக்காது. ஆகவே இடைக்கால உத்தரவைத் தனி மனுவாகக் கேட்கச் சொல்லி வக்கீலிடம் சொல்லுங்கள், குறைந்தது யார்டில் கிடக்கும் சரக்கை மட்டுமாவது விற்க.

உரிமம் முடியும் நாளன்று மாலை இருப்பை அளந்து, படத்தோடு உதவி இயக்குநருக்கு எழுதிக் கொடுத்து முத்திரை வாங்கிவிடுங்கள். மறுநாளிலிருந்து அந்தக் குவியலுக்கு நடைச்சீட்டு (சரக்கை வண்டியில் கொண்டுபோகும் அனுமதிச் சீட்டு) கிடைக்காது. உரிமம் இருந்தபோது வந்த சரக்கு அது என்று காட்ட உங்களிடம் இருக்கப்போவது அந்த ஒரு தாள்தான்.