சட்டமன்ற உறுப்பினரா, சட்டமியற்றுபவரா?

சென்ற மாதம் ஒரு மொழிபெயர்ப்பு மெய்ப்புப் பார்க்க வந்தது. ஒரு மாநில அரசியல்வாதியின் வாழ்க்கைக் குறிப்பு. முதல் பத்தியிலேயே ‘மூன்று முறை சட்டமியற்றுபவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார்’ என்றிருந்தது. பென்சிலால் வட்டமிட்டேன். அடுத்த பக்கத்தில், ‘முதியோர் உதவித்தொகைக்காக மக்கள் சட்டமியற்றுபவரின் அலுவலக வாசலில் காத்திருந்தார்கள்’ என்று வந்ததும் பென்சிலைக் கீழே வைத்துவிட்டேன். மனுவும் கையுமாக நிற்கும் ஒரு மூதாட்டி எந்த ஊரில் ‘சட்டமியற்றுபவரைப் பார்க்க வந்தேன்’ என்று சொல்வார்? எம்.எல்.ஏ.வைப் பார்க்க வந்ததாகத்தான் சொல்வார். எழுதும்போது அது சட்டமன்ற உறுப்பினர் ஆகும். அந்தச் சொல் ஒருமுறை வந்திருந்தால் விட்டிருப்பேன். ஆங்கிலத்தின் ‘லெஜிஸ்லேட்டர்’ என்பதற்குச் செய்திகளிலும் கட்டுரைகளிலும் இப்போது நாள்தோறும் இதே சொல்தான்.

முதலில் நம் சொல். சட்டம் என்றால் மரச்சட்டம், வரம்பு கட்டிய அமைப்பு. அதிலிருந்து விதி என்ற பொருளும் உண்டு. மன்றம், சங்கப் பாடல்களில் ஊரார் கூடும் பொது இடம். உறுப்பினர், உடலுக்கு உறுப்புப் போல ஓர் அவைக்கு உறுப்பானவர். முன்பு அங்கத்தினர் என்று எழுதினார்கள். அங்கமும் உறுப்பும் ஒன்றே. இந்த மூன்றும் சேர்ந்து ஒருவரின் இடத்தைச் சொல்கின்றன: இன்ன மன்றத்தில் இவர் ஓர் உறுப்பு.

‘சட்டமியற்றுபவர்’ இடத்தைச் சொல்லாமல் தொழிலைச் சொல்கிறது. அதையும் தவறாகச் சொல்கிறது. பாட்டு இயற்றியவர், நூல் இயற்றியவர் என்கிறோம். இயற்றுபவர் என்றதும் ஒருவர் உட்கார்ந்து எழுதி முடித்த படைப்பு நினைவுக்கு வருகிறது. சட்டம் அப்படியா பிறக்கிறது? பெரும்பாலான மசோதாக்களை அமைச்சர்கள் கொண்டுவருகிறார்கள். அவை நிறைவேற்றுகிறது. ஆளுநரின் ஒப்புதல் வேண்டும். ஓர் உறுப்பினர் கொறடா உத்தரவை மீறி வாக்களித்தால், 1985இல் அரசமைப்பில் சேர்ந்த பத்தாவது அட்டவணையின்படி பதவியே போகலாம். சட்டம் இயற்றுவது அவை. ‘சட்டமன்றம் சட்டம் இயற்றியது’ என்பதில் எனக்கு மறுப்பே இல்லை. தனி ஆளின் பெயராக அதை ஒட்டுவதுதான் பிழை.

‘லெஜிஸ்லேட்டர்’ என்ற ஆங்கிலச் சொல்லின் மூலமான லத்தீனிலும்கூட, அதன் பின்பாதியான ‘லாட்டோர்’ என்றால் கொண்டுவருபவர், முன்மொழிபவர். அங்கேயும் இயற்றுபவர் இல்லை.

சட்டமன்ற வாழ்க்கை என்றால் என்ன என்று பார்த்தால் இது இன்னும் தெளியும். மு. கருணாநிதி 1957இல் குளித்தலையிலிருந்து முதன்முறையாகப் பேரவைக்குப் போனார். அவருடைய கன்னிப்பேச்சு நங்கவரம் பண்ணை விவசாயிகளின் குறையைப் பற்றியது. அதில் மசோதா எதுவும் கிடையாது. தொகுதியின் குரலை அவையில் எழுப்பினார், அவ்வளவுதான். உறுப்பினரின் வேலையில் பெரும்பகுதி இதுதான்: கேள்வி நேரம், கவன ஈர்ப்பு, மானியக் கோரிக்கை மீது பேச்சு, வெட்டுத் தீர்மானம். பல்லாண்டு எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்து, ஒரு மசோதாவும் கொண்டுவராமல், தொகுதிக்குப் பாலமும் பள்ளியும் வாங்கிக் கொடுத்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களை என்னவென்று எழுதுவது?

தேவதாசி ஒழிப்புச் சட்டத்தை இயற்றிய முத்துலட்சுமி ரெட்டி இருக்கிறாரே என்று ஒரு நண்பர் மடக்கினார். நல்ல கேள்வி. 1927இல் சென்னை மாகாணச் சட்டசபைக்குப் போனவர் அவர். தேவதாசி முறையை ஒழிக்க அங்கே போராடினார். 1930இல் காந்தி கைதானதைக் கண்டித்துப் பதவி விலகினார். அந்த முறையைத் தடுக்கும் சட்டம் 1947இல்தான் வந்தது. அப்போது அவர் அவையில் இல்லை. அந்தச் சட்டத்துக்கு வித்திட்டவர், வாதாடியவர் என்று எழுதுங்கள், முழு மரியாதையோடு எழுதுங்கள். இயற்றியவர் என்றால் அந்தப் பதினேழு ஆண்டுகள் காணாமல் போகின்றன.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். சட்டமன்றம் என்பது பொதுப்பெயர். அதற்குள் பேரவையும் மேலவையும் அடங்கும். ‘தமிழ்நாடு சட்டமன்றப் பேரவை’ என்ற அதிகாரப்பூர்வப் பெயரே அதைக் காட்டுகிறது. இங்கே மேலவை 1986 நவம்பர் 1இல் ஒழிந்ததால் நமக்கு அந்த வேறுபாடு மறந்துவிட்டது. ஆனால் கருணாநிதி பேரவைக்குப் பதின்மூன்று முறை தேர்ந்தெடுக்கப்பட்டவர். 1984 முதல் 1986 வரை மேலவையிலும் இருந்தவர். அவர் வாழ்க்கையை எழுதுகிறவர் இரண்டையும் பிரித்துச் சொல்ல வேண்டும். கர்நாடகத்திலும் பீகாரிலும் மேலவை இன்றும் இருக்கிறது. அங்குள்ள மேலவை உறுப்பினரான எம்.எல்.சி.யைச் ‘சட்டசபைக் குழு உறுப்பினர்’ என்று எழுதுகிறார்கள்! மேலவை என்ற அழகான சொல் என்ன பாவம் செய்தது?

அமெரிக்காவைப் பற்றி எழுதும்போது வேறு வழியில்லை என்பார்கள். உண்டு. மாநிலச் சட்டமன்ற உறுப்பினர் என்றால் எல்லோருக்கும் பொருந்தும். நெப்ராஸ்கா மாநிலத்தில் ஒரே அவைதான். அதன் உறுப்பினர்களைச் செனட்டர்கள் என்கிறார்கள். அங்கே செனட்டர் என்றே எழுதலாம். ஆங்கிலச் செய்தியாளர் ஒரே சொல்லைத் திரும்ப எழுதக் கூடாதென்று மாற்றுச் சொல் தேடுகிறார். அந்தத் தேவை தமிழுக்கு இல்லை. இரண்டாம் முறை ‘உறுப்பினர்’ என்றால் போதும், ‘அவர்’ என்றாலும் போதும். மூலத்தில் சொல் மாறினால் தமிழிலும் மாறியே தீர வேண்டும் என்று நினைக்கும் மொழிபெயர்ப்பாளர்களால்தான் இப்படிப்பட்ட சொற்கள் பெருகுகின்றன.

மெய்ப்பைத் திருப்பி அனுப்பும்போது பதினோரு இடங்களில் ‘சட்டமியற்றுபவர்’ அடித்திருந்தேன். ஏழில் சட்டமன்ற உறுப்பினர். மூன்றில் வெறுமனே அவர். மூதாட்டி காத்திருந்த வாசலில் மட்டும் ‘எம்.எல்.ஏ. அலுவலகம்’ என்று எழுதினேன்.