சோஷியல் தரையில் யாரையும் தூக்காதீர்கள்

போன வாரமும் ஒரு மாணவி மணிக்கட்டில் கட்டுடன் வகுப்புக்கு வந்தார். யாரும் யாரோடும் ஜோடி சேர்ந்து ஆடும் நெரிசலான சோஷியல் நடனத்தில், முன்பின் அறியாத ஒருவர் பாட்டு முடியும் தறுவாயில் சொல்லாமல் கொள்ளாமல் அவரை இடுப்பைப் பிடித்துத் தூக்கியிருக்கிறார். லிண்டி ஹாப் என்னும் ஸ்விங் ஜோடி நடனத்தை ஆடுவதும் சொல்லிக்கொடுப்பதும் என் பிழைப்பு. இந்தக் கதையைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது.

"ஸ்விங் நடனமா? பெண்ணைத் தூக்கி எறிவார்களே, அதுதானே?" என்பார்கள். இல்லை, ஐயா. நீங்கள் பார்த்தது 1941இல் வந்த 'ஹெல்ஸாபாப்பின்' படத்தின் ஒரு காட்சி. அதில் பறப்பவர்கள் வைட்டீஸ் லிண்டி ஹாப்பர்ஸ் குழுவினர். மேடையிலும் படத்திலும் ஆடிச் சம்பாதித்த தொழில்முறைக் கலைஞர்கள். ஃபிராங்கி மேனிங் அமைத்து, ஒத்திகை பார்த்து, கேமராவுக்காக ஆடிய ஆட்டம் அது. அவர்கள் உருவான, நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியிலிருந்த சவாய் பால்ரூம் என்னும் நடனக்கூடம் 1926இல் திறந்து 1958இல் மூடியது. அங்கே இரவுதோறும் கூடிய சனம் ஆடியது காலைத் தரையில் ஊன்றித்தான்: ஸ்விங் அவுட், சார்ல்ஸ்டன், இசைக்கேற்ற காலடிகள். மேனிங், ஜோடியைத் தூக்கிக் காற்றில் சுழற்றும் தம் முதல் ஏர் ஸ்டெப்பை (ஏரியல் என்பதும் இதுதான்) 1930களின் நடுவில் ஃப்ரீடா வாஷிங்டனுடன் ஒரு போட்டிக்காகவே உருவாக்கினார். அதையும் மெத்தை போட்டுப் பழகிய பிறகே ஆடினார்கள். தாம் தலைகீழாகப் போகப்போவது ஃப்ரீடாவுக்குத் தெரியும். உங்கள் ஜோடிக்குத் தெரியுமா?

அடுத்து, "நான் ஜிம்முக்குப் போகிறவன், விடமாட்டேன்" என்பார்கள். வலுவா இங்கே பிரச்சினை? எந்த எண்ணிக்கையில் குதிப்பது, எங்கே பிடிப்பது, எப்படி இறங்குவது என்று இருவருக்கும் தெரிய வேண்டும். குதிக்க வேண்டியவர் குதிக்கவில்லை என்றால் நீங்கள் தூக்குவது வெறும் சுமை. நானும் என் ஜோடியும் மேடையில் ஏரியல் செய்வோம்; பாய் விரித்து, பக்கத்தில் தாங்கிப்பிடிக்க ஓர் ஆளை நிறுத்திப் பழகிய பிறகுதான். தரை வழுக்கினால், கூரை தாழ்வாக இருந்தால் ஆட்டத்தில் அந்தப் பகுதியை வெட்டிவிடுவோம். ஏற்பாட்டாளர் முகம் சுளிப்பார், சுளிக்கட்டும். கால் போனால் அடுத்த மாத வருமானமும் போகும்.

சொல்லாமல் பின்னால் சாய்க்கும் டிப்பும் இதே கணக்குதான். எதிரே இருப்பவரின் முதுகு எப்படிப்பட்டது என்று உங்களுக்குத் தெரியாது. கேளுங்கள். தயங்கினால் வேண்டாம் என்று பொருள். சரி என்றாலும் அவர் தம் காலிலேயே நிற்கும் அளவுக்கு மட்டும் சாய்க்கலாம். ஏரியலை மட்டும் கேட்கவே கேட்காதீர்கள். நெரிசலில் பறக்கும் ஒரு குதிகால் போதும், பக்கத்து ஜோடியின் பல் உடைய.

ஃபாலோவாக, அதாவது ஜோடி நடத்துவதைப் பின்தொடர்ந்து ஆடுகிறவர்களே, உங்களைக் கெஞ்சிக் கேட்கிறேன்: ஒருவர் உங்களைத் தூக்கப் பார்த்தால் உடனே முழங்காலை மடக்கி எடையைக் கீழே இறக்குங்கள். "வேண்டாம்" என்று உரக்கச் சொல்லுங்கள். பாட்டின் நடுவே நன்றி சொல்லிவிட்டு நகர்வது மரியாதைக் குறைவு ஆகாது. விழுந்து மணிக்கட்டு வீங்கினால், ஐஸ் வைத்துக்கொண்டே இன்னும் இரண்டு பாட்டு ஆடாமல் மருத்துவரிடம் போங்கள்.

ஏற்பாட்டாளர்களே, வாசலில் ஒரு பலகை வைத்தால் மட்டும் போதாது. தூக்கியவரை அன்றிரவே தனியே அழைத்துச் சொல்லுங்கள். மறுபடியும் செய்தால் வீட்டுக்கு அனுப்புங்கள், அவர் எத்தனை வருடப் பழக்கமானவராக இருந்தாலும்.