ஏழு மணி நேரம் அடுப்பில் இருந்தும் வேகாத உருளைக்கிழங்கு

தேவகோட்டையிலிருந்து ஒரு ஆச்சி கேட்டிருந்தார்: “சிங்கப்பூர்ல இருக்க மக ஸ்லோ குக்கர் வாங்கிக் குடுத்திருக்கா. உருளைக்கிழங்கு சூப் வைக்கலாம்னு காலையில ஆறு மணிக்குக் கிழங்கு, தக்காளி, சின்ன வெங்காயம், மிளகு எல்லாம் போட்டு மூடிட்டேன். மதியம் ஒரு மணிக்குத் திறந்தா தக்காளி கரைஞ்சு போச்சு, கிழங்கு மட்டும் நறுக்குனு நிக்குது. நம்ம குக்கர்ல மூணு விசில்ல குழையிற கிழங்கு இதுல ஏன் வேகல? பக்கத்து வீட்ல, சாமான் வீட்டுக்குள்ள வந்த நாள் சரியில்லைன்னு சொல்றாக.”

நாள் மேல் எந்தக் குற்றமும் இல்லை, ஆச்சி. மெஷினும் பழுதில்லை. கிழங்குக்குள்ளேயே இருக்கும் ஒரு நொதி, அதற்குத் தோதான சூட்டில் நிறைய நேரம் கிடைத்ததால் தன் வேலையை முழுமையாகச் செய்து முடித்திருக்கிறது. நாள், நட்சத்திரம் என்று காரணம் சொல்லி நிறுத்திவிட்டால் இவ்வளவு அழகான ஒரு விஷயம் கண்ணில் படாமலே போய்விடும்.

முதலில் மெஷின். பீங்கான் பாத்திரம், அதைச் சுற்றி மெல்லிய சூட்டுக் கம்பி, மேலே கண்ணாடி மூடி. அவ்வளவுதான். அமெரிக்காவில் இர்விங் நாக்ஸன் என்பவர் இதற்கு 1940இல் காப்புரிமை பெற்றார். லித்துவேனியாவில் யூதக் குடும்பங்கள் வெள்ளிக்கிழமை மாலை பேக்கரி அடுப்பில் வைத்துவிட்டு மறுநாள் எடுத்துச் சாப்பிட்ட ஒரு குழம்பைப் பற்றி அவர் அம்மா சொன்ன கதைதான் தூண்டுகோல். 1971இல் வேறொரு நிறுவனம் அதையே ‘கிராக் பாட்’ என்ற பெயரில் விற்று ஊரெங்கும் பரப்பியது. நம் பிரஷர் குக்கருக்குள் சூடு ஏறத்தாழ 120 டிகிரி செல்சியஸ் வரை போகும். ஸ்லோ குக்கர் கடைசியில் கொதிநிலையைத் தொட்டும் தொடாமலும் நிற்கும். ஆனால் ஆச்சியின் கேள்விக்குப் பதில் அது எங்கே போய் நிற்கிறது என்பதில் இல்லை. போகிற வழியில் எவ்வளவு நேரம் எடுத்துக்கொள்கிறது என்பதில் இருக்கிறது.

கிழங்கு வேகிறது என்றால் என்ன? இரண்டு காரியங்கள். செல்களுக்குள் இருக்கும் மாவுச்சத்து மணிகள் 60 டிகிரிக்குச் சற்று மேலே தண்ணீரைக் குடித்து ஊதுகின்றன; இது பள்ளியில் படித்ததுதான். இது ஸ்லோ குக்கரிலும் நன்றாகவே நடக்கும். ஆச்சியின் கிழங்கில் மாவு வெந்துதான் இருந்திருக்கும். இரண்டாவது காரியம்தான் நடக்கவில்லை: செல்லும் செல்லும் பிரிவது.

காரைக்குடிப் பக்கத்து வீடுகளில் செங்கலுக்கும் செங்கலுக்கும் நடுவே சுண்ணாம்புக் காரை பிடித்திருப்பதுபோல, செல்லுக்கும் செல்லுக்கும் நடுவே பெக்டின் என்ற பொருள் பிடித்திருக்கிறது. அது உடைந்தால்தான் கிழங்கு குழையும். பெக்டின் என்பது நீளமான சங்கிலி மூலக்கூறு. சங்கிலி நெடுக ஒரே மாதிரி அமிலக் கண்ணிகள். அவற்றில் பலவற்றின் ஓரத்தில் மீத்தைல் என்ற சின்ன அணுக்கூட்டம் ஒட்டியிருக்கும். கிழங்கைக் கொதிக்க வைக்கும்போது, 80 டிகிரியைத் தாண்டி, மீத்தைல் ஒட்டியிருக்கும் இடங்களின் பக்கமாகப் பார்த்துச் சங்கிலி அறுகிறது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: மீத்தைல் இருந்தால்தான் அறுபடுவது சுலபம்.

இப்போது அந்த நொதி. பெயர் பெக்டின் மீத்தைல் எஸ்டரேஸ். பச்சைக் கிழங்கில் செல் சுவரோடு ஒட்டிக்கொண்டு பெரிதாக ஒன்றும் செய்யாமல் இருக்கும். 50 டிகிரியைத் தாண்டும்போது செல்லின் மெல்லிய சவ்வுகள் கிழிகின்றன. உள்ளே அடைந்திருந்த உப்புச் சத்துகள் வெளியே கசிகின்றன. நொதி சுறுசுறுப்பாகிறது. 60 டிகிரிப் பக்கம் அதற்கு மிகத் தோதான சூடு. 70ஐத் தாண்டிக் கொஞ்சம் போனால் நொதியே வெந்து செத்துவிடும். ஆக, அதற்குக் கிடைப்பது அந்த இருபது டிகிரி இடைவெளி மட்டும்தான். அந்த நேரத்தில் அது செய்யும் ஒரே வேலை, பெக்டின் சங்கிலியிலிருந்து மீத்தைலை ஒவ்வொன்றாகக் கழற்றுவது.

இதனால் இரண்டு விளைவுகள் ஒரே சமயத்தில் வருகின்றன. இந்த இடம்தான் எனக்கு எத்தனை முறை படித்தாலும் சலிக்காதது. மீத்தைல் போன இடங்களில் எதிர்மின்னேற்றம் வெளியே தெரிகிறது. கசிந்து வந்த கால்சியம் அயனிக்கு இரண்டு நேர்மின்னேற்றம். அது ஒரு பக்கம் ஒரு சங்கிலியையும் மறுபக்கம் இன்னொரு சங்கிலியையும் பிடித்துக்கொள்கிறது. தனித்தனியாகக் கிடந்த சங்கிலிகள் பின்னப்பட்டு இறுகிவிடுகின்றன. இது ஒன்று. மற்றது, அப்புறம் சூடு ஏறிக் கொதிநிலைக்கு வந்தாலும், எந்த மீத்தைல் இருந்தால் சங்கிலி சுலபமாக அறுமோ அதுவே இப்போது இல்லை. பூட்டும் போட்டாயிற்று, சாவியையும் தூக்கி எறிந்தாயிற்று. அதனால்தான் மேலும் ஒரு மணி நேரம் வைத்தாலும் கிழங்கு பிடிவாதமாக நிற்கிறது.

விசில் குக்கர் இந்த இருபது டிகிரியைச் சில நிமிடங்களில் தாண்டிவிடும். நொதி கண் விழிக்கும்போதே வெந்துவிடும். பாத்திரம் நிறையக் குளிர்ந்த தண்ணீர் ஊற்றி ‘லோ’வில் வைத்த ஸ்லோ குக்கரோ, அதே தூரத்தை மணிக்கணக்கில் கடக்கிறது. உணவுத் தொழிற்சாலைகள் இதே குணத்தை வேண்டுமென்றே பயன்படுத்துகின்றன. காய்கறித் துண்டுகள் டப்பாவில் கரையாமல் நிற்க, முதலில் மிதமான சூட்டில் கொஞ்ச நேரம் வைத்து, அப்புறம் கொதிக்க விடுவார்கள். பூசணிக்காய் மிட்டாய் செய்பவர்கள் காயைச் சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறப்போடுவதும் கால்சியத்துக்காகத்தான்.

ஆச்சியின் சூப்பில் இன்னொரு எதிரியும் இருந்தது: தக்காளி. பெக்டின் சங்கிலி மிகக் கெட்டியாக இருப்பது லேசான புளிப்பில்தான். புளியில் போட்ட உருளைக்கிழங்கு வேகத் தாமதமாவது இதனால்தான். “காய் வெந்தப்புறம் புளியை ஊத்து” என்று செட்டிநாட்டுச் சமையலறைகளில் மருமகளுக்குச் சொல்லிக் கொடுப்பார்களே, அந்த ஒரு வரியில் பெக்டின் வேதியியல் முழுவதும் இருக்கிறது.

தண்ணீரையும் விட்டுவிடக் கூடாது. இந்தப் பக்கத்துப் பெரியவர்கள் ஊருணித் தண்ணீரில் வேகவைத்த பருப்பு தனி என்பார்கள். ஊருணி மழைநீர், கால்சியம் மிகக் குறைவு. போர்த் தண்ணீர் பல இடங்களில் கடினநீர். பாத்திரத்தில் வெள்ளையாக உப்புப் படியும். அந்தத் தண்ணீரில் பருப்பு வேகாததற்கும் ஸ்லோ குக்கரில் கிழங்கு வேகாததற்கும் காரணம் ஒன்றே: பெக்டினைக் கால்சியம் பின்னிவிடுவது. ஓட்டுச் சரிவிலிருந்து முற்றத்தில் விழும் மழைநீரை அண்டாவில் பிடித்துச் சமையலுக்கு வைத்துக்கொண்டவர்கள் சரியான தண்ணீரைத்தான் பிடித்திருக்கிறார்கள்.

இங்கே ஒன்று சொல்லியே ஆக வேண்டும். காரைக்குடியில் மத்திய மின்வேதியியல் ஆய்வகம் வருவதற்காக அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்தார். 1948இல் நேரு அடிக்கல் நாட்டினார். ஒரு சிறிய ஊரில் வேதியியலுக்கு அவ்வளவு கொடுக்கத் தோன்றிய மண் இது. எந்த ஊர்த் தண்ணீரில் எந்தப் பருப்பு எவ்வளவு நேரத்தில் வேகிறது, அதற்கு எத்தனை சிலிண்டர் ஆகிறது என்ற கேள்வியும் ஆராய்ச்சிதான். இதற்குப் பெரிய கருவிகள் வேண்டாம். ஒரு கல்லூரி ஆய்வுக்கூடமும் ஆர்வமுள்ள மாணவர்களும் போதும். அடுப்படிக் கேள்வி என்பதாலேயே இதை ஒதுக்கிவைத்தால் அதை என்னால் ஏற்க முடியாது. கோடிக்கணக்கான அடுப்புகள் தினமும் எரிகிற நாட்டில் இதைவிடப் பெரிய கேள்வி எத்தனை இருக்கும்?

சரி, சூப்புக்கு வருவோம். கிழங்கை அரை அங்குலத் துண்டாக நறுக்குங்கள். துண்டுகளை அடியிலும் ஓரத்திலும் போடுங்கள். சூடு அங்கேதான் முதலில் ஏறும். பச்சைத் தண்ணீர் வேண்டாம். கொதிக்கக் கொதிக்க ஊற்றுங்கள். இன்னும் நல்லது, கிழங்கை அடுப்பில் ஐந்து நிமிடம் தளதளவென்று கொதிக்கவிட்டு, அந்தத் தண்ணீரோடு மாற்றுவது. முதல் ஒரு மணி நேரம் ‘ஹை’, அப்புறம் ‘லோ’. உப்பை ஆரம்பத்திலேயே போடலாம். சோடியம் கொஞ்சம் கால்சியத்தை இடம்பெயர்க்கும். மிளகு, சீரகம், ஒரு துண்டு பட்டை, துளி கல்பாசி ஆகியவையும் முதலிலேயே போகட்டும். கிழங்கு விரலில் நசுங்கிய பிறகுதான் தக்காளி. நடுநடுவே மூடியைத் திறந்து பார்க்காதீர்கள். சின்னக் கம்பி, போன சூட்டை ஈடுகட்ட நேரமாகும்.

சூப் கெட்டியாக வேண்டுமென்றால் மண்டி என்ற செட்டிநாட்டுக் குழம்பு வைப்பதற்கு எடுப்பதுபோல, அரிசியை இரண்டாவது முறை கழுவிய தண்ணீரைக் கொதிக்கவைத்து ஊற்றுங்கள். கடைசியில் கால்வாசிக் கிழங்கைக் கரண்டியால் மசித்துவிடுங்கள். மிக்ஸியில் அடிக்க வேண்டாம். செல்கள் கிழிந்து மாவு முழுக்க வெளியே வந்து பசை மாதிரி இழுக்கும். பால் சேர்ப்பதானால் இறக்கும்போது. தக்காளிப் புளிப்போடு மணிக்கணக்கில் சுட்டால் பால் திரியும்.

இதே பாத்திரத்தில் ராஜ்மா போட நினைத்தால் மட்டும் கவனம். ஊறவைத்த ராஜ்மாவை அடுப்பில் குறைந்தது பத்து நிமிடம் நன்றாகக் கொதிக்கவிட்டுத்தான் இதற்குள் போட வேண்டும். அதிலுள்ள லெக்டின் என்ற நச்சுப் புரதம் மிதமான சூட்டில் அழியாது. கடும் வாந்தி வரவழைக்கும்.

நொதியைச் சோதித்துப் பார்க்க ஆசையிருந்தால் ஒரு பிளாஸ்க் போதும். ஒரே கிழங்கில் ஒரே அளவாக எட்டுத் துண்டு. கொதிநீரும் பச்சைத் தண்ணீரும் சமபாதி கலந்தால் நம் ஊர் வெயிலுக்கு 65 டிகிரிப் பக்கம் வரும். நான்கு துண்டை அதில் போட்டு, பிளாஸ்கை மூடி ஒரு மணி நேரம் வையுங்கள். பிறகு அந்த நான்கையும், வெளியே வைத்திருந்த பச்சைத் துண்டு நான்கையும் தனித்தனிப் பாத்திரத்தில் கால் மணி நேரம் கொதிக்கவிட்டுக் கட்டைவிரலால் அழுத்துங்கள். ஒரு மணி நேரம் கூடுதலாகச் சூட்டில் இருந்த துண்டுதான் கெட்டியாக நிற்கும். ஊருணித் தண்ணீர் கிடைத்தால் அதிலும் ஒரு முறை, போர்த் தண்ணீரில் ஒரு முறை செய்து இரண்டையும் ஒப்பிடுங்கள்.