‘நிறுத்து’ சொல்லாமல் சொல்வது

“அவர் சிகரெட் பிடிப்பதை நிறுத்திவிட்டார்” என்று யாரோ சொல்கிறார்கள். இந்தச் சின்ன வாக்கியத்தில் இரண்டு செய்திகள் இருக்கின்றன. இப்போது அவர் சிகரெட் பிடிப்பதில்லை என்பது ஒன்று. முன்பு பிடித்துக்கொண்டிருந்தார் என்பது இன்னொன்று. முதல் செய்தியைச் சொல்லத்தான் வாக்கியமே வந்தது. இரண்டாவது செய்தி அதோடு ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது.

இரண்டும் ஒரே மாதிரியானவை அல்ல என்பதை வாக்கியத்தை மறுத்துப் பார்த்தால் தெரிந்துகொள்ளலாம். “அவர் சிகரெட் பிடிப்பதை நிறுத்தவில்லை.” முதல் செய்தி தலைகீழாகிவிட்டது, இப்போதும் பிடிக்கிறார். இரண்டாவது செய்தி அசையவே இல்லை; முன்பு பிடித்தார் என்பது அப்படியே இருக்கிறது. சரி, கேள்வியாக மாற்றிப் பார்ப்போம்: “நிறுத்திவிட்டாரா?” அப்போதும் இருக்கிறது. “நிறுத்தினால் இருமல் குறையும்” என்று நிபந்தனை போட்டாலும் இருக்கிறது. ‘இல்லை’, ‘ஆ?’, ‘ஆல்’ என்று எதைச் சேர்த்தாலும் அந்தப் பழைய செய்தி மட்டும் பிடிவாதமாக உள்ளே உட்கார்ந்திருக்கிறது. ஆனால் “அவர் சிகரெட் பிடிப்பதில்லை” என்று சொல்லிப் பாருங்கள். வாழ்நாளில் ஒரு சிகரெட்டைக்கூடத் தொடாதவரைப் பற்றியும் அப்படிச் சொல்லலாம். ஆக, கடந்த காலத்தை வாக்கியத்துக்குள் கொண்டுவந்தது ‘நிறுத்து’ என்ற அந்த ஒரு வினைச்சொல்தான்.

இப்படி வாக்கியம் நேரடியாகச் சொல்லாமல், ஏற்கெனவே உண்மை என்று எடுத்துக்கொண்டு மேலே செல்லும் செய்தியை முன்னனுமானம் என்று சொல்லலாம். ஜெர்மானியத் தர்க்கவியலாளர் காட்லோப் ஃபிரேகே 1892-இல் எழுதிய கட்டுரையில் இதைத் தெளிவாக எடுத்துக்காட்டினார். ‘கெப்ளர் வறுமையில் இறந்தார்’ என்பது அவர் தந்த உதாரணம். கெப்ளர் என்று ஒருவர் இருந்தார் என்பதை அந்த வாக்கியம் சொல்லவில்லை, எடுத்துக்கொள்கிறது. ‘கெப்ளர் வறுமையில் இறக்கவில்லை’ என்றாலும் அதே கதைதான். பிற்பாடு மொழியியலாளர்கள் தேடிப் பார்த்தபோது, பெயர்கள் மட்டுமல்லாமல் பல வினைச்சொற்களும் இதே வேலையைச் செய்வது தெரிந்தது. ஒரு நிலை மாறியதைச் சொல்லும் வினைகள் எல்லாம் இதில் சேரும்: தொடங்கு, விடு, நிறுத்து. மாற்றம் என்றாலே மாறுவதற்கு முன்னால் ஒரு நிலை இருந்தாக வேண்டும் அல்லவா?

முன்னனுமானத்தைக் கண்டுபிடிக்க இன்னொரு சோதனையும் இருக்கிறது. கை ஃபான் ஃபின்டெல் என்ற மொழியியலாளர் 2004-இல் வெளியான கட்டுரையில் அதைப் பரவலாக அறியச் செய்தார். கேட்பவர் பேச்சை இடைமறித்து வியப்பைக் காட்டுவது எந்தச் செய்திக்குப் பொருந்துகிறது என்று பார்ப்பதுதான் அந்தச் சோதனை. தமிழில் இதை அழகாகச் செய்யலாம். “அவர் சிகரெட்டை நிறுத்திவிட்டார்” என்றதும் நீங்கள் “இரு, இரு! அவர் சிகரெட் பிடிப்பாரா?” என்று கேட்டால் அது இயல்பான பேச்சு. “இரு, இரு! அவர் இப்போது பிடிப்பதில்லையா?” என்றால் பொருந்தாமல் நிற்கிறது, ஏனென்றால் அதைத்தானே அவர் இப்போது சொன்னார்! ‘இரு, இரு’ எந்தச் செய்திக்குப் பொருந்துகிறதோ, அதுதான் ஓசையில்லாமல் உள்ளே வந்த செய்தி.

“நிறுத்திவிட்டீர்களா இல்லையா? ஒரே வார்த்தையில் பதில் சொல்லுங்கள்” என்ற கேள்வி ஏன் பொறியாகிறது என்பதும் இதிலிருந்தே விளங்கும். ‘ஆம்’ என்றாலும் மாட்டிக்கொள்வீர்கள், ‘இல்லை’ என்றாலும் மாட்டிக்கொள்வீர்கள். தப்பிக்க வேண்டுமானால் கேள்விக்குப் பதில் சொல்லாமல், கேள்வி எடுத்துக்கொண்டதை உடைக்க வேண்டும். அதற்குத் தமிழில் கைவசம் ஒரு பதில் இருக்கிறது: “நான் எப்போது ஆரம்பித்தேன், நிறுத்துவதற்கு?” முன்னனுமானக் கோட்பாடு முழுவதும் இந்த நாலு சொற்களில் அடங்கியிருப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது.

ஆனால் பெரும்பாலான நேரங்களில் நாம் உடைப்பதில்லை, ஒத்துக்கொண்டு போய்விடுகிறோம். “என் தங்கையை அழைத்துவரப் போகிறேன்” என்று ஒருவர் சொன்னால், அவருக்குத் தங்கை உண்டா என்று விசாரணை நடத்துவதில்லை. உண்டு என்று மனசுக்குள் குறித்துக்கொண்டு மேலே கேட்கிறோம். தத்துவவாதி டேவிட் லூயிஸ் 1979-இல் இந்த இசைந்துகொடுக்கும் போக்கை விளக்கினார். உரையாடல் தடைபடாமல் ஓட இது அவசியம். ஒவ்வொரு முன்னனுமானத்துக்கும் ஆதாரம் கேட்டால் யாரோடும் இரண்டு வாக்கியம் பேச முடியாது. அதே நேரத்தில், பொய் உள்ளே வருவதற்கும் இதுதான் வழி.

அந்த வழி எவ்வளவு திறந்திருக்கிறது என்பதை உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் 1975-இல் வெளியிட்ட சோதனைகள் காட்டின. ஒரு வெள்ளை நிறக் கார் கிராமத்துச் சாலையில் போகும் படத்தை 150 மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினார். அப்புறம் காரின் வேகம் பற்றிக் கேள்வி கேட்டார். பாதிப் பேரிடம் “சாலையில் போகும்போது கார் எவ்வளவு வேகத்தில் போனது?” என்ற கேள்வி. மீதிப் பேரிடம் “சாலையில் அந்தக் கொட்டகையைக் கடந்தபோது கார் எவ்வளவு வேகத்தில் போனது?” என்ற கேள்வி. படத்தில் கொட்டகையே கிடையாது. ஒரு வாரம் கழித்து எல்லோரிடமும் “கொட்டகையைப் பார்த்தீர்களா?” என்று கேட்டார். முதல் பிரிவில் 2.7 சதவீதம் பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். இரண்டாவது பிரிவில் 17.3 சதவீதம் பேர். கேள்வி வேகத்தைப் பற்றியது. கவனமும் வேகத்தின் மேல்தான் இருந்தது. கொட்டகை பக்கவாட்டில் நுழைந்து நினைவில் இடம் பிடித்துவிட்டது. ‘நிறுத்து’ சுமந்துவரும் செய்தியும் இதே வாசல் வழியாகத்தான் வருகிறது. அதனால்தான் கருத்துக்கணிப்புக் கேள்விகளை எழுதத் தெரிந்தவர்கள் எடுத்த எடுப்பில் “எப்போது நிறுத்தினீர்கள்?” என்று கேட்பதில்லை. “எப்போதாவது புகைத்ததுண்டா?” என்று முதலில் வடிகட்டுகிறார்கள், ‘உண்டு’ என்பவரிடம் மட்டும் அடுத்த கேள்வி போகிறது.

இதுவரை சொன்னது எந்த மொழிக்கும் பொருந்தும். தமிழ் ‘நிறுத்து’வுக்குத் தனியாக ஒரு குணம் இருக்கிறது. அது ‘நில்’ என்ற தன்வினையின் பிறவினை: நட – நடத்து, கிட – கிடத்து, உயர் – உயர்த்து என்பதுபோல, நில் – நிறுத்து. ஓடுபவனைப் பார்த்து “நில்!” என்கிறோம், வண்டி ஓட்டுபவரிடம் “நிறுத்து!” என்கிறோம். பேச்சில் நிப்பாட்டு.

நிற்பதற்கு எதிர்நிலை எது என்று யோசித்தால்தான் இந்தச் சொல்லின் பரப்பு புரியும். ஓடுவது நிற்பதற்கு எதிர்; விழுந்து கிடப்பதும் நிற்பதற்கு எதிர். ஓடும் வண்டியை நிறுத்தினால் அதன் இயக்கம் போகிறது. கிடக்கும் கம்பத்தை நிறுத்தினால் அது எழுகிறது. ‘பேச்சை நிறுத்தினார்’ என்பதில் ஒன்று அடங்கிப்போகிறது. ‘சரிந்துபோன நிறுவனத்தைத் தூக்கி நிறுத்தினார்’ என்பதில் ஒன்று உயிர்பெறுகிறது. ‘வேட்பாளரை நிறுத்தினார்கள்’, ‘உரிமையை நிலைநிறுத்தினார்கள்’ என்பவையும் இந்தப் பக்கம்தான். ஒரே வினை முடக்குவதையும் தாங்கிப்பிடிப்பதையும் சொல்வது முதல் பார்வைக்கு முரணாகத் தெரியும். முரண் இல்லை. இரண்டிலும் ஒரு பொருள் நிற்காத நிலையிலிருந்து நிற்கும் நிலைக்கு வருகிறது, அவ்வளவுதான். முன்னனுமானமும் இரண்டிலும் வேலை செய்கிறது: “கம்பத்தை இன்னும் நிறுத்தவில்லை” என்றால் கம்பம் நிற்காமல் இருக்கிறது என்று தானாகவே புரிந்துகொள்கிறோம். பழைய கடிதங்களில் நலம் விசாரித்து முடித்ததும் ‘நிற்க.’ என்று எழுதி அடுத்த விஷயத்துக்குப் போவார்கள். அது அங்கேயே நிற்கட்டும், நாம் நகர்வோம் என்று பொருள். நிற்பது அழிவதல்ல என்ற எண்ணம் அந்த ஒரு சொல்லில் தெரிகிறது.

தமிழ் இலக்கண அமைப்பில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதற்கு அடுத்து வருகிறது. ஒரு செயலின் தொடக்கம், முடிவு, நிறுத்தம் மூன்றையும் எப்படிச் சொல்கிறோம் என்று கவனியுங்கள்.

எழுதத் தொடங்கினாள்.
எழுதி முடித்தாள்.
எழுதுவதை நிறுத்தினாள்.

தொடங்கும்போது எழுத்து இன்னும் வரவில்லை. அதனால் ‘எழுத’ என்ற, இனி நடக்கவிருப்பதற்குப் பொருந்தும் எச்சம். முடிக்கும்போது எழுத்து நடந்து ஓய்ந்துவிட்டது; அதனால் ‘எழுதி’ என்ற இறந்தகால எச்சம். நிறுத்தும்போது? எழுத்து பாதியில் ஓடிக்கொண்டிருக்கிறது. அங்கே எச்சம் ஒத்துவரவில்லை. ஓடும் செயலையே ‘எழுதுவது’ என்று பெயராக்கி, ‘ஐ’ உருபு போட்டு, வண்டியை நிறுத்துவதுபோலவே நிறுத்துகிறோம். ‘இரண்டு பக்கம் எழுதி நிறுத்தினாள்’ என்றும் சொல்லலாம். ஆனால் அங்கே இரண்டு பக்கம் எழுதியாகிவிட்டது, நின்றது அதற்கு மேல் வரவேண்டிய எழுத்து. பள்ளியில் யாரும் இந்த வேறுபாட்டை நமக்குச் சொல்லித்தருவதில்லை. இருந்தும் தமிழ் பேசும் குழந்தை இதில் தவறுவதில்லை.

முடிப்பதும் நிறுத்துவதும் எங்கே பிரிகின்றன என்பது செயலின் வகையைப் பொறுத்தது. ‘ஓடுவதை நிறுத்தினான்’ என்றால் அவன் ஓடினான் என்பது உண்மை. ‘வீடு கட்டுவதை நிறுத்தினான்’ என்றால் அவன் வீடு கட்டினான் என்று சொல்ல முடியாது. சுவர் மட்டும் எழும்பியிருக்கலாம். ஓட்டத்துக்கு உள்ளார்ந்த முடிவுப்புள்ளி கிடையாது, வீடு கட்டுவதற்கு உண்டு. தத்துவவாதி ஸீனோ வெண்ட்லர் 1957-இல் வினைகளை இந்த அடிப்படையில் வகைப்படுத்தினார். தமிழில் இதை ஒரு உருபை வைத்தே சோதிக்கலாம்: ‘பத்து நிமிடம் ஓடினான்’, ‘பத்து மாதத்தில் வீடு கட்டினான்’. முடிவுப்புள்ளி உள்ள செயல் ‘இல்’ உருபைக் கேட்டு வாங்கிக்கொள்கிறது.

வெண்ட்லரின் பட்டியலில் கணத்தில் நடந்து முடியும் நிகழ்வுகளும் உண்டு. விபத்து அப்படிப்பட்டது. அதனால்தான் ‘விபத்தைத் தடுத்தார்’ என்கிறோம், ‘விபத்தை நிறுத்தினார்’ என்பதில்லை. ‘தடு’ என்ற சொல்லுக்கு எதுவும் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. நோய் வருமுன் போடுவது தடுப்பூசி. நடந்துகொண்டிருக்கும் சண்டை ஓய்ந்தால் போர்நிறுத்தம், நடந்துகொண்டிருக்கும் பணி நின்றால் வேலைநிறுத்தம். புதுச்சொற்களை உருவாக்கியவர்கள் இந்த விதியை எழுதிவைத்துக்கொண்டு செய்திருக்க மாட்டார்கள். காது சொன்னபடி செய்திருப்பார்கள், சரியாகவே அமைந்துவிட்டது.

கல்யாணம் மட்டும் இதற்கு விலக்குபோலத் தெரியும். தாலி கட்டுவதற்கு வாரக்கணக்கில் முன்பே ‘கல்யாணத்தை நிறுத்திவிட்டார்கள்’ என்கிறோமே, நடக்காத ஒன்றை எப்படி நிறுத்த முடியும்? பேசி முடித்த நாளிலிருந்தே கல்யாணம் ஓடத் தொடங்கிவிடுகிறது என்று தமிழ் எடுத்துக்கொள்கிறது. பேச்சே எழாத கல்யாணத்தை யாரும் நிறுத்த முடியாது. தேர்வு, கூட்டம், படப்பிடிப்பு எல்லாவற்றுக்கும் இதுவே. திட்டமிட்ட நிகழ்வு, ஏற்பாடு தொடங்கிய அன்றே நிறுத்தப்படும் தகுதியைப் பெற்றுவிடுகிறது.

‘நிறுத்து’ பின்னோக்கிப் பார்க்கும் சொல் என்றால், அதன் பின்னால் ஒட்டும் துணைவினைகள் வேறு திசைகளைப் பார்க்கின்றன. ‘நிறுத்திவிட்டார்’ என்பதில் ‘விடு’ கதவைச் சாத்துகிறது. ‘நிறுத்திக்கொண்டார்’ என்பதில் முடிவு அவருடையது, யாரும் கட்டாயப்படுத்தவில்லை. ‘நிறுத்திவைத்தார்’ என்பதில் ‘வை’ வருங்காலத்துக்கு இடம் விட்டு வைக்கிறது. பின்னால் மறுபடி ஓடலாம். ‘தண்டனை நிறுத்திவைப்பு’ என்ற செய்தித் தலைப்பைப் படிப்பவருக்கு, தண்டனை விதிக்கப்பட்டிருந்தது, இப்போது அது நடைமுறையில் இல்லை, ஆனால் ரத்தாகிவிடவில்லை என்ற மூன்றும் ஒரே மூச்சில் கிடைத்துவிடுகின்றன. தலைப்பு வெளிப்படையாகச் சொன்னது நடுவில் உள்ளதை மட்டும்தான்.