கோஷ்டி பூசல்னா என்ன, எங்க இருந்து வந்துச்சு?

நம்ம ஊர்ல கோஷ்டின்னு சொன்னாலே கூடவே பூசலும் வந்து ஒட்டிக்கும், அதுவும் காங்கிரஸ் பத்தின நியூஸ்னா கேக்கவே வேணாம். ஆனா அந்த சொல்லுக்கும் சண்டைக்கும் மொதல்ல சம்பந்தமே கெடையாது.

கோஷ்ட்டம்னா சமஸ்கிருதத்துல மாட்டுத்தொழுவம், கோ மாடு, ஸ்த நிக்கிற இடம். அதுல இருந்து வந்த கோஷ்டிக்கு கூடிப்பேசுற சபைன்னு அர்த்தம். கன்னடத்துல கவிகோஷ்டின்னா இன்னிக்கும் கவியரங்கம்தான், இந்தில கோஷ்டின்னா கருத்தரங்கு, பெருமாள் கோயில்ல பிரபந்தம் சேவிக்கிறவங்களும் கோஷ்டிதான், அங்க யாரும் வேட்டிய கிழிச்சுக்கிறதில்ல (வடகலை தென்கலை கேஸ் எல்லாம் தனிக்கதை, அத விடுங்க).

இதோட தமிழ் வடிவம் கோட்டி. வள்ளுவரே "அரங்கின்றி வட்டாடி யற்றே நிரம்பிய நூலின்றிக் கோட்டி கொளல்"னு 401வது குறள்ல எழுதிருக்கார், அதாவது கட்டம் போடாம காய் உருட்டுற மாதிரிதான் படிக்காம சபைல பேசுறதும். சிவகங்கை பக்கம் இருக்கிற திருக்கோஷ்டியூர பெரியாழ்வார் திருக்கோட்டியூர்னுதான் பாடிருக்கார், தேவர்கள் கூடி ஆலோசன பண்ண இடம்னு தலபுராணம். திருநெல்வேலிக்காரங்க பைத்தியத்த கோட்டின்னு சொல்றது வேற சொல்லு, குழப்பிக்காதீங்க.

அப்புறம் எப்படி கெட்ட பேரு வந்துச்சுன்னா, பெரிய சபை போயி ஒரு தலைவர் பின்னாடி நிக்கிற கூட்டம்னு அர்த்தம் சுருங்கிப்போச்சு. 1946-ல ராஜாஜி, காமராஜர் ரெண்டு பேரு ஆளுங்களுக்கும் ஆகாத நேரத்துல காந்தி ஹரிஜன் பத்திரிகைல ராஜாஜிய எதிர்த்தவங்கள 'கிளிக்' (clique)னு எழுதிட்டார், இந்த அர்த்தத்துல நாம சொல்ற கோஷ்டிக்கு நேர் இங்கிலீஷ் அதுதான், காமராஜர் நொந்துபோயி பார்லிமென்டரி போர்டுல இருந்தே விலகிட்டார். எம்ஜிஆர் போனப்புறம் அதிமுக ரெண்டானப்ப மட்டும் கோஷ்டின்னு சொல்லாம ஜெ (ஜெயலலிதா) அணி, ஜா (ஜானகி) அணின்னாங்க, 1989 தேர்தல்ல சேவல் சின்னம், இரட்டைப் புறா சின்னம்னு தனித்தனியா நின்னாங்க. அணின்னா கொஞ்சம் கௌரவமா இருக்குல்ல!

சரி, தமிழ்ல எப்படி எழுதலாம்? பூசல் ஏற்கனவே தமிழ்தான், அதனால குழுப்பூசல் போதும், கட்சின்னா உட்கட்சிப் பூசல். தெருச்சண்டைய பேப்பர்ல கோஷ்டி மோதல்னு போடுறாங்களே, அதுக்கு இருதரப்பு மோதல். உட்பகைய இதுக்கு போடுறது எனக்கு சரியா படல, ஏன்னா வள்ளுவரே "பல்குழுவும் பாழ்செய்யும் உட்பகையும்"னு ரெண்டையும் தனித்தனியாதான் வெச்சிருக்கார். பல குழுவா பிரிஞ்சு நிக்கிறது வெளிய தெரியும், உட்பகை கூடவே சிரிச்சிக்கிட்டு இருக்கும்.